வெள்ளைப் பூ வந்த காலை

அரளிப் பூவுக்கு வாசம் உண்டா என்று கேட்டால் கிடையாது என்றுதான் பலரும் சொல்வார்கள். கண்ணாடி ஏற்றிய காருக்குள் வைத்துப் பாருங்கள். வெயில் ஏற ஏற இலேசான ஒரு கசப்பு கிளம்பி நாக்கின் அடியில் வந்து உட்காரும். இன்றும் ஏதாவது மாலைக்கடையைக் கடக்கையில் அந்தக் கசப்பு எழுந்தால், எழுமலையிலிருந்து திருமங்கலம் வரும் சாலையில்தான் போய் நிற்கிறேன். முன்சீட்டில் அக்கா. ஓட்டுகிறவர் மச்சான். பின்னால், சாட்சிக் கையெழுத்துப் போடக் கிளம்பிய நான்.

மச்சான் கல்லூரியில் கணிதம் சொல்லிக்கொடுப்பவர். நிகழ்தகவு அவர் துறை. பங்குச்சந்தையின் விலைகள் ஏன் யாருக்கும் பிடிகொடுக்காமல் அலைகின்றன என்பதையே வாழ்நாளெல்லாம் ஆராய்ந்தார். ஆடிக்காற்றில் வைகை மணலில் உருளும் பிளாஸ்டிக் பையைக் காட்டி, "அடுத்து எங்கிட்டுப் போகும், சொல்லு மாப்ள," என்பார். சொல்ல முடியாது என்பதே அவர் எழுதிய கட்டுரைகளின் சாரம்.

அப்படிப்பட்டவருக்கு ஒருநாள் ஒரு விதி தட்டுப்பட்டது. பழைய விலைகளைக் கணினியில் ஓட்டிப் பார்த்தால், அந்த விதிப்படி வாங்கி விற்றவன் எல்லா வருடமும் லாபத்தில் நின்றான். அன்றிலிருந்து மதுரை தல்லாகுளத்து வீட்டில் யாரும் சத்தமாகச் செருமக்கூட இல்லை. தட்டைப் பார்க்காமல் சாப்பிட்டார். பல் விளக்கும்போதும் உதடு எதையோ பெருக்கிக்கொண்டிருந்தது.

"காயிதத்துலயே சரியா இருந்து இருந்து அலுத்துப்போச்சு மாப்ள. ஒரு தடவ நெசத்துல சரியா இருந்து பாக்கணும்."

நெசத்துக்கு முதலீடு வேண்டும். அக்கா பெயரில் திருமங்கலம் பக்கம் கரிசல்காடு இருந்தது. அப்பா அவளுக்கு எழுதிவைத்தது. அதை விட்டால் அவளுக்கென்று வேறெதுவும் கிடையாது. விற்கமாட்டேன் என்று அவள் சொல்லவில்லை. குலசாமியிடம் பூக்கட்டிப் பார்த்துவிடலாம் என்று மட்டும் சொன்னாள். வெள்ளை அரளி ஒரு பொட்டலம், செவ்வரளி ஒரு பொட்டலம். சாமி முன்னால் போட்டு ஒன்றை எடுக்க வேண்டும். வெள்ளை என்றால் செய், சிவப்பு என்றால் விடு.

காட்டுக்கு முன்பணம் வாங்கிப் பதிவுக்கு நாள் குறித்திருந்த அன்று காலையில்தான் எழுமலையில் குலசாமி கோயிலுக்குப் போனோம். பூசாரி பொட்டலங்களைக் குலுக்கிப் போட்டார். அக்கா கையை நீட்டி ஒன்றை எடுத்தாள். பிரித்தாள். வெள்ளை.

திரும்பும் வழியில் மச்சானுக்குக் கால் தரையில் இல்லை. "பாத்தியா, ஒங்க சாமிக்கே என் கணக்குப் புடிச்சுப்போச்சு!"

அக்கா மடியிலிருந்த பூவைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "ஒண்ணு சொல்லுவேன், வையக்கூடாது."

"சொல்லு. இன்னைக்கு யாரையும் வையிறதா இல்ல."

"முந்தியே ரெண்டு கோயில்ல கேட்டுட்டேங்க. தெரு அம்மன்கிட்ட ஒரு தடவ, கருப்பசாமிகிட்ட ஒரு தடவ. ரெண்டுலயும் செவப்புத்தான் வந்துச்சு. நீங்க அம்புட்டு ஆசையா இருந்தீங்க. மனசு கேக்கல. அதான் இங்க."

மச்சான் வெடித்துச் சிரித்தார். "அடிப்பாவி! வெள்ள வார வரைக்கும் ஊர் ஊராக் கேப்பியா? இப்புடிக் கேட்டா எந்தச் சாமிதான்..."

கார் தானாக வேகம் இழந்து ஒரு புளியமரத்தடியில் ஒதுங்கியது. இரு பக்கமும் வெடித்த கரிசல். அவர் ஸ்டியரிங்கை விடவில்லை.

"மச்சான்?"

"நானும் அதத்தான் செஞ்சேன் மாப்ள."

"அவ கேட்டது சாமிகிட்ட. ஒங்களது கணக்குல்ல?"

"என்னா பெரிய கணக்கு? பத்து நாள் சராசரி, இருவது நாள் சராசரி, திங்கக்கெழம வாங்கு, வியாழக்கெழம வில்லு... எம்புட்டு விதிய ஓட்டுனேன்னு எனக்கே தெரியல. இல்லன்னு சொன்னத எல்லாம் அழிச்சேன். ஆமான்னு சொன்ன ஒண்ண வச்சுக்கிட்டேன். அத்தன கேட்டா ஒண்ணாவது ஆமான்னு சொல்லத்தான்யா செய்யும்! இதத்தான வருசா வருசம் வகுப்புல சொல்லித் தொலைக்கிறேன்."

என் கையிலிருந்த அவர் போன் அடித்தது. நிலத் தரகர். "அண்ணே, பதிவாபீஸ்ல டோக்கன் போட்டாச்சு. வாங்குற பார்ட்டி வந்து உக்காந்திருக்காக. எங்க வாரீங்க?" வந்துகொண்டிருக்கிறோம் என்று சொல்லி வைத்தேன்.

அக்கா கணவர் பக்கம் திரும்பி உட்கார்ந்தாள். "இப்பச் சொல்லுங்க. கையெழுத்துப் போடவா, வேணாமா? நீங்க போடுன்னா போடுறேன்."

எஞ்சின் துடித்துக்கொண்டிருந்தது. ஒரு டவுன் பஸ் எங்களை உரசுவதுபோல் கடந்தது. அந்த விதியை அவர் இன்னும் விடவில்லை, முகம் காட்டிக்கொடுத்தது.

"ஒருவேள உண்மையாவும் இருக்கலாம்ல... இன்னொரு வருச வெலைய வச்சு ஓட்டிப் பாத்துட்டு..."

"இன்னொரு கோயிலா?" என்றாள் அக்கா.

அவர் கண்ணாடியைக் கழற்றினார். துடைத்தார். துடைத்ததையே துடைத்தார்.

"போடாத," என்றார். "மாப்ள, போனப் போட்டுச் சொல்லிரு."

தரகர் என்னைத் திட்டியதை இங்கே எழுத முடியாது. "ஒரு வார்த்தைல நிக்காத ஆளுகள்லாம் எதுக்குய்யா..." என்று தொடங்கி என் பரம்பரை வரைக்கும் போய்வந்தார். வாங்கிய முன்பணத்தை நேரில் திருப்பிக் கொடுத்து மன்னிப்புக் கேட்பதுதான் மரியாதை என்றாள் அக்கா. அவர்கள் பதிவு அலுவலகத்துக்குப் போகவேண்டும். சாட்சிக்கு இனி வேலை இல்லை. திருமங்கலம் பஸ் ஸ்டாண்டு வாசலில் என்னை இறக்கிவிட்டார்கள்.

மதுரை பஸ் உறுமிக்கொண்டு நின்றது. நகரப்போனேன். மச்சான் கார்க் கண்ணாடியை இறக்கி என் சட்டைக்கையைப் பிடித்தார். உள்ளங்கை ஈரம் துணி வழியாகத் தெரிந்தது.

"மாப்ள, அந்த விதிப்படி நாளைக்கு மார்க்கெட்டு ஏறுச்சுன்னா எங்கிட்டச் சொல்லிறாத."

"சரி மச்சான்."

"எறங்குனாலும் சொல்லாத."