வியன்னாக்காரருக்கு ஓர் இலை

கெராங் சிப்பியைக் கொதிக்கும் தண்ணீரில் போட்டதும் ஓடுகள் ஒன்றோடொன்று மோதிக் கடகடக்கும்; சேறும் உப்பும் கலந்த வாசனை ஆவியோடு எழுந்து, இஞ்சியும் காய்ந்த மிளகாயும் சேர்ந்த பிறகு அடுப்படியைத் தாண்டித் தெருவுக்கே போய்விடும். மலாக்கா காஜா பெராங்கில் எங்கள் பலகை வீட்டைச் சுற்றியிருந்த எல்லா வீடுகளிலும் வந்த அந்த வாசனை எங்கள் வீட்டில் மட்டும் வந்ததே இல்லை. தெங்கேரா கடலோரத்திலிருந்து கூடையோடு வரும் மலாய்க்காரப் பெண் வாசலில் நின்று கூவினால், "அவன் வரட்டும், அப்புறம் வாங்கலாம்" என்று அம்மா உள்ளிருந்தே சொல்லிவிடுவார். அவன் என்றால் என் அண்ணன். ஜப்பான்காரன் காலத்தில், பதினேழு வயதில், லாரியில் ஏற்றிச் சயாம் ரயில் வேலைக்குக் கொண்டுபோகப்பட்ட பிள்ளை. கெராங் என்றால் அவனுக்கு உயிர். சண்டை ஓய்ந்து, நான் பிறந்து, பள்ளிக்கூடம் போகத் தொடங்கியும் அவன் வரவில்லை. அவனோடு போய்த் திரும்பிய ஒருவர் எங்கள் வீட்டுக்கு வந்து எதையோ சொல்ல வாயெடுத்தபோது, அம்மா அவர் கையில் கோப்பியைக் கொடுத்து, குடித்து முடித்ததும் அனுப்பி வைத்துவிட்டாராம்.

தீபாவளிக்கு முதல் நாள் எங்கள் வீட்டில் இறந்தவர்களுக்குப் படையல். தாத்தாவுக்கு ஓர் இலை, காய்ச்சலில் போன சித்தப்பாவுக்கு ஓர் இலை. உயிரோடிருந்தபோது யார் எதை விரும்பிச் சாப்பிட்டார்களோ அது அவரவர் இலையில் இருக்கும். அண்ணனுக்கும் ஓர் இலை போடலாம் என்று அப்பா ஒரு தரம் பேச்செடுத்ததற்கு, அம்மா அந்தத் தீபாவளி முழுக்கப் பச்சைத் தண்ணீர் பல்லில் படாமல் கிடந்தார். ஒரு வாய்ச் சோறில்லாமல் பிள்ளை எங்கே அலைகிறதோ என்ற தவிப்பு அப்பாவுக்கு. இலை போட்டால் பிள்ளை செத்தது என்று ஆகிவிடுமே என்ற பயம் அம்மாவுக்கு. இரண்டு பேர் பக்கமும் நியாயம் இருந்தது, அதுதான் கொடுமை.

மெர்டேக்கா என்று நாட்டுக்கு விடுதலை வந்த வருஷம், அப்பா கணக்கெழுதும் கிராணியாக இருந்த ரப்பர் கிடங்கின் வெள்ளைக்கார முதலாளி, "துவான்", மூட்டை முடிச்சோடு கப்பலேறினார். அவர் மனைவி ஜெர்மன் பேசும் தேசத்துக்காரர். சுமந்து போக மனமில்லாத புத்தகங்களை அப்பாவிடம் தள்ளிவிட்டுப் போனார்கள். ஜெர்மன் மொழியில் எழுதியவர்களின் கதைகள், ஆங்கிலத்தில் பெயர்க்கப்பட்டவை. ஞாயிற்றுக்கிழமை மத்தியானங்களில் அம்மா மாவு சலிக்க, அப்பா நாற்காலியை அடுப்படி வாசலில் போட்டுக்கொண்டு, கண் ஆங்கிலத்தில் ஓட வாய் தமிழில் சொல்லும்படி கதை படிப்பார். ஒரு நாவலில், பனி கொட்டும் ஊரில் ஒரு தபால்காரர், குடியிருந்தவர்கள் எப்போதோ போய்விட்ட வீடுகளின் கதவையும் விடாமல் தட்டிக்கொண்டிருப்பார். "வேலை வெட்டி இல்லாத மனுசன்" என்று அம்மா திட்டுவார்; ஆனால் அடுத்த ஞாயிறு வந்ததும், "அந்தத் தபால்காரன் என்ன ஆனான்?" என்று முதலில் கேட்பதும் அவர்தான்.

அதை எழுதியவர் பெயர் எங்கள் வாயில் நுழையவில்லை. அவரை "வியன்னாக்காரர்" என்றே சொல்லிக்கொண்டோம். நாவலைவிட அதன் முன்னுரையில் இருந்த அவருடைய வாழ்க்கைதான் அப்பாவை உலுக்கிவிட்டது. அந்தக் காலத்தில் அந்த மொழியில் எழுதிய பலருக்கும் அதே தலையெழுத்து என்று அப்பா சொல்வார்: எந்த மொழியில் எழுதினார்களோ அந்த மொழி பேசியவர்களே அவர்களை விரட்டினார்கள், புத்தகங்களைத் தெருவில் குவித்துக் கொளுத்தினார்கள்.

"இவரும் உசுரைக் கையில புடிச்சிக்கிட்டு ஓடுனவருதான்," என்றார் அப்பா, அந்த ஞாயிற்றுக்கிழமை. "நாடு நாடா அலைஞ்சு, கடைசியில ஏதோ ஒரு ஊருல வாடகை ரூம்புல போய்ச் சேர்ந்துட்டாரு. எங்க பொதைச்சாங்கன்னுகூட யாருக்கும் தெரியல."

அம்மாவின் சல்லடை நின்றது. "அவங்க அம்மாவுக்கு யாரு தகவல் சொன்னா?"

"யாரும் சொல்லல. புள்ள வரும் வரும்னு பாத்துக்கிட்டே அந்தம்மாவும் போயிருச்சு."

"அந்த ஊரு சயாம் பக்கமா?"

"இல்ல, ரொம்பத் தூரம்."

அம்மா அன்று சலித்த மாவையே மறுபடி மறுபடி சலித்துக்கொண்டிருந்தார்.

அந்த வருஷப் படையலுக்கு அம்மா ஓர் இலை கூடுதலாக நறுக்கினார். யாருக்கு என்று அப்பா கேட்டதற்கு, தலை நிமிராமல், "அந்த வியன்னாக்காரருக்குத்தான். பாவம், அவருக்கு யாரு இருக்கா?" என்றார். வெள்ளைக்காரர் சோறு சாப்பிட மாட்டாரே என்று அப்பா சைக்கிளை எடுத்துக்கொண்டு கடைத்தெருவுக்குப் போனார். "தீவாளிக்கு ரொட்டியா, கிராணியாரே?" என்று ரொட்டிக்கடை வைத்திருந்த முஸ்லிம் நானா சிரித்தாராம்.

அப்பா ரொட்டியோடு திரும்பியபோது வாசலிலேயே வாசனை வந்துவிட்டது. அதுவரை எங்கள் வீட்டில் வராத வாசனை. அந்தக் கடைசி இலையில் சோறு, அப்பளம், அவற்றின் நடுவே குவியலாகக் கெராங் பிரட்டல். அப்பா கொண்டுவந்த ரொட்டியையும் அம்மா வாங்கி இலையின் ஓரமாக வைத்தார்.

எனக்கு அப்போது பத்து வயது, வாய் சும்மா இருக்காது. "வெள்ளைக்காரங்க கெராங் சாப்பிடுவாங்களாப்பா?" என்று கேட்டேன்.

"இவரு சாப்பிடுவாரு," என்றார் அப்பா.

படைத்து முடித்ததும், வந்தவர்கள் நிம்மதியாகச் சாப்பிடட்டும் என்று எல்லாரும் வெளியே வந்து திரையை இழுத்துவிடுவது வழக்கம். அம்மா கடைசியாக வந்தார். திரையை இழுக்குமுன் அந்த இலையைப் பார்த்து, "சூடா இருக்கு, பாத்துச் சாப்பிடு" என்றார். அப்பா பின்கட்டுக் குழாயடியில் துண்டால் முகத்தை மூடிக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். நான் பார்க்காத அண்ணனுக்காக நான் முதன்முதலில் அழுததும் அன்றைக்குத்தான்.

அடுத்த வருஷத்திலிருந்து அப்பாவே தெங்கேராவுக்குப் போய்க் கெராங் வாங்கி வந்து, "வியன்னாக்காரருக்கு" என்று அம்மா முன்னால் வைப்பார். அதற்குமேல் அவர்கள் இருவரும் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசி நான் கேட்டதில்லை, அப்பா போகும்வரை. சாகக் கிடந்தபோது அம்மாவும், "அந்த வெள்ளைக்காரர் இலையை மட்டும் விட்டுடாதே" என்றுதான் என்னிடம் கேட்டுக்கொண்டார்.

இன்று காஜா பெராங்கில் எங்கள் பலகை வீடு இருந்த இடத்தில் டயர்க் கடை இருக்கிறது. தெங்கேராவில் கடலைத் தூர்த்துத் தூர்த்துக் கரையை எங்கோ தள்ளிவிட்டார்கள்; கூடைக்காரப் பெண்கள் இல்லை, கெராங் பேரங்காடியில் பையில் கட்டிக் கிடைக்கிறது. தபால்காரர் கதையைக் கறையான் தின்றுவிட்டது, அதோடு அந்த வியன்னாக்காரரின் பெயரும் போயிற்று. வருஷா வருஷம் யாருக்குச் சோறு படைத்தோமோ அவர் பெயரே எனக்குத் தெரியாது என்பதை நினைத்தால் அவரிடம் மன்னிப்புக் கேட்கத் தோன்றுகிறது.

போன தீபாவளிக்கு முதல் நாள், தாத்தாவுக்கும் சித்தப்பாவுக்கும் அப்பாவுக்கும் அம்மாவுக்கும் இலை போட்ட பிறகு, கடைசி இலையில் கெராங்கை வைத்துக்கொண்டிருந்தேன். என் மகன் வழக்கம்போலக் கேட்டான், "இது யாருக்கும்மா?"

எத்தனையோ வருஷம் சொல்லி வந்த பதில் அன்று என் வாயில் வரவில்லை. "உங்க மாமாவுக்கு," என்று சொல்லிவிட்டேன்.

சொன்ன பிறகுதான், அம்மா ஏன் கடைசிவரை அதைச் சொல்லவில்லை என்று புரிந்தது. எங்கள் வீட்டில் அண்ணன் அன்றைக்குத்தான் செத்துப்போனான்.