கையை அசைத்தால் படுத்துவிடும் நாய்

என் தம்பி பெங்களூரிலிருந்து வெளிநாட்டுக்கு வேலைக்குப் போனபோது, தன்னுடைய லாப்ரடாரை எங்கள் வீட்டில் கொண்டுவந்து விட்டான். உச்சிப்புளிக்குத் தெற்கே, கடற்கரைக்கு நடந்தே போய்விடக்கூடிய தூரத்தில் எங்கள் வீடு. "தண்ணிக்குன்னே பொறந்த சாதி அக்கா இது. கடலைப் பாத்துச்சுன்னா சந்தோஷமா இருக்கும்" என்றான். சந்தோஷமாகத்தான் இருந்தது. முதல் நாள் கடலுக்குள் இறங்கிய நாயைக் கரைக்குத் திரும்ப வரவழைப்பதற்குள் பொழுது சாய்ந்துவிட்டது.

கூப்பிட்டால் வராத நாயில்லை அது. கூப்பிடுவதில்தான் சிக்கல். தம்பி அதற்கு வைத்திருந்த பெயரை இங்கே எழுதப்போவதில்லை. எங்கள் கரையில் வீட்டுக்கு ஒருவருக்காவது அந்தப் பெயர் உண்டு. நானோ அதே ஊர் மேல்நிலைப் பள்ளியில் கணக்கு டீச்சர். கடலைப் பார்த்து நின்று, அந்தப் பெயரைச் சொல்லி, "இங்க வா" என்று கத்தினேன். வலையில் கிழிசல் பார்த்துக்கொண்டிருந்த ஒருவர் எழுந்து நின்றார். படகுக்கு டீசல் ஊற்றிக்கொண்டிருந்த இன்னொருவர், "என்ன டீச்சர்?" என்று கேனைக் கீழே வைத்தார். அடுத்து நான் "உக்காரு" என்று கத்தியது அவர்களுக்கு இல்லை என்று விளக்கிச் சொல்ல வேண்டியதாயிற்று. வீட்டில் பெயரை மாற்றிப் பார்த்தோம். புதுப் பெயரை நாய் காதிலேயே போட்டுக்கொள்ளவில்லை.

அப்போதுதான், குரலே வேண்டாம், கையால் பழக்கலாம் என்று தோன்றியது. கடற்கரைக் காற்றில் குரல் எப்படியும் பாதி தூரம்கூடப் போகாது. கைபேசியில் தேடியதும் ஒரு வெளிநாட்டுக்காரர் கிடைத்தார். பச்சைப் புல்வெளியில் நின்று ஒரு வார்த்தையும் பேசாமல் கையை மட்டும் காட்டினார். அவருடைய நாய் உட்கார்ந்தது, படுத்தது, ஓடிப்போய்ப் பொம்மை வாத்தைக் கவ்விக்கொண்டு வந்தது. அந்தப் புல்வெளியில் அவரையும் நாயையும் தவிர ஒரு ஈ காக்கை கிடையாது. நான் கவனித்திருக்க வேண்டியது அதைத்தான்.

மொட்டை மாடியில் பாடம் தொடங்கினேன். உள்ளங்கையை நேராக உயர்த்திக் காட்டினால் உட்கார வேண்டும். உள்ளங்கையைக் கீழே பார்க்க வைத்து அசைத்தால் படுக்க வேண்டும். கையை நீட்டிக் காட்டினால் அந்தத் திசையில் ஓடி, அங்கே எது இருக்கிறதோ அதைக் கொண்டுவர வேண்டும். கையை அகல விரித்து நெஞ்சில் சேர்த்தால் திரும்பி வர வேண்டும். சரியாகச் செய்தால் கூலியாக ஒரு நெத்திலிக் கருவாடு. பிஸ்கட்டைக் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொள்ளும் நாய், நெத்திலிக்காக எதையும் செய்யத் தயாராக இருந்தது. என் கைப்பையில் எப்போதும் ஒரு பொட்டலம் இருக்கும். ஆசிரியர் அறையில் எனக்குப் பக்கத்து நாற்காலி சில நாளாகவே காலியாக இருப்பதைக் கவனித்தேன். காரணம் கேட்டுக்கொள்ளவில்லை.

நாய் என் வகுப்புப் பிள்ளைகளைவிட வேகமாகக் கற்றுக்கொண்டது. மாடியின் இந்தக் கோடியிலிருந்து நான் கையை நீட்டினால், அந்தக் கோடியிலிருந்து துணிக் கிளிப்பைக் கவ்விக்கொண்டு வந்து காலடியில் போட்டது. எனக்குப் பெருமை தாங்கவில்லை. தம்பிக்கு வீடியோ எடுத்து அனுப்பினேன்.

முதல் அடி வீட்டுக்குள்ளேயே விழுந்தது. என் வீட்டுக்காரருக்கு முதுகுளத்தூர்ப் பக்கம் சொந்த ஊர். அங்கே அவருடைய அண்ணன் மிளகாய் போட்டிருக்கிறார். பக்கத்துத் தோட்டத்துக்காரரின் ஆடுகள் அடிக்கடி உள்ளே வந்து மேய்ந்துவிடும். அதைப் பற்றி அண்ணனும் தம்பியும் ஞாயிற்றுக்கிழமைகளில் போனில் பேசுவார்கள். என் வீட்டுக்காரர் போனைக் காதுக்கும் தோளுக்கும் நடுவே இடுக்கிக்கொண்டு, இரண்டு கையாலும் பேசுகிற ஆள்.

"நம்ம வரப்பு அங்கன இருக்கு" என்று கையை வாசல் பக்கம் நீட்டினார். நாய் ஓடிப்போய் ஒரு செருப்பைக் கொண்டுவந்தது. "அவென் ஆடு எதுக்கு இங்கன வருது?" என்று கையைப் படுக்கையறைப் பக்கம் நீட்டினார். தலையணை உறை வந்தது. "நீ பொறுண்ணே, பொறு" என்று உள்ளங்கையை உயர்த்தினார். நாய் உட்கார்ந்தது. "சத்தம் போடாம அமைதியா பேசுவோம்" என்று கையைக் கீழே அமர்த்தினார். படுத்தது. அண்ணன் அமைதியாகவில்லை போலிருக்கிறது. மறுபடி வரப்பு அங்கன, ஆடு இங்கன என்று ஆரம்பித்தார். போனை வைத்தபோது அவர் காலடியில் ஒரு செருப்பு, தலையணை உறை, கால்மிதி, என் விடைத்தாள் கட்டு எல்லாம் குவிந்துகிடந்தன. நாய் நாக்கைத் தொங்கப்போட்டுக்கொண்டு, கூலிக்காக அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தது.

"யாரு இதெல்லாம் இங்கன கொண்டாந்து போட்டது?" என்றார் அவர்.

"நீங்கதான் கேட்டீங்க" என்றேன்.

இரண்டாவது அடி தெருவில். எதிர்வீட்டு அம்மா வாசலில் நின்று, சீப்பைக் கையில் வைத்துக்கொண்டு, தெருமுனையில் விளையாடிக்கொண்டிருந்த மகளைத் தலை பின்னக் கூப்பிட்டார். நம் ஊரில் ஒருவரை எப்படிக் கூப்பிடுவோம்? உள்ளங்கையைக் கீழே பார்க்க வைத்து விரல்களை அசைப்போம். அந்த வெளிநாட்டுக்காரரின் ஊரில் அதற்குப் 'படு' என்று அர்த்தம். என்னோடு நடந்து வந்துகொண்டிருந்த நாய் நடுத்தெருவில் அப்படியே படுத்துவிட்டது. பின்னால் குடிதண்ணீர் லாரி வந்து நின்றது. டிரைவர் ஹாரன் அடித்துப் பார்த்தார். பிறகு தலையை வெளியே நீட்டி, "போ, போ, அங்கிட்டுப் போ" என்று கையை வீசினார். அவர் வீசிய கையும் கீழே பார்த்துத்தான் இருந்தது. அவர் விரட்ட விரட்ட, நாய் தாடையையும் தரையில் வைத்து இன்னும் நன்றாகப் படுத்துக்கொண்டது.

"மேலுக்குச் சரியில்லையா டீச்சர்?" என்று கேட்டார் டிரைவர்.

"இல்லண்ணே. நீங்க சொன்னதைத்தான் கேக்குது. கையை உள்ள எடுத்துக்கங்க."

அவர் என்னை ஒரு மாதிரிப் பார்த்துவிட்டுக் கையை உள்ளே எடுத்துக்கொண்டார். நான் கையை விரித்து நெஞ்சில் சேர்த்தேன். நாய் எழுந்து வந்தது. லாரி போனது.

இதோடு நிறுத்தியிருக்கலாம். ஆனால் நாயைப் பழக்கியதே கடற்கரைக்காகத்தானே என்று அடுத்த சனிக்கிழமை காலை கரைக்குக் கூட்டிப்போனேன். அன்று கரைவலை இழுத்துக்கொண்டிருந்தார்கள். படகு கடலுக்குள் போய் வலையை அரை வட்டமாக விட்டுவிட்டு வரும். இரண்டு பக்கக் கயிற்றையும் இரண்டு கூட்டமாக நின்று கரைக்கு இழுப்பார்கள். நடுவில் வலையின் சொந்தக்காரர், எங்கள் பக்கம் சம்மாட்டி என்பார்கள், அவர் நின்றுகொண்டு இரண்டு கூட்டத்துக்கும் உத்தரவு கொடுப்பார். காற்றில் யார் பேச்சும் யாருக்கும் கேட்காது. அதனால் அவருக்கும் எல்லாம் கைதான். எங்கள் சம்மாட்டி நல்ல உயரம், அதற்கேற்ற நீளமான கைகள். என் சைகை எல்லாம் அவர் சைகைக்கு முன்னால் கரும்பலகையில் சாக்பீஸ் கீறல் மாதிரி.

அவர் கையைக் கடல் பக்கம் நீட்டினார். வலையின் மடி, அதாவது மீன் வந்து சேருகிற பை, எங்கே வருகிறது என்று தன் ஆட்களுக்குக் காட்டினார். அந்த மடிக்கு மேலே ஒரு பெரிய மஞ்சள் மிதவை ஆடிக்கொண்டு வந்தது. நாய் என் முகத்தைப் பார்க்கவே இல்லை. கடலில் பாய்ந்து நேராக நீந்திப்போய் மிதவையின் கயிற்றைக் கவ்வி, வலைக்குக் குறுக்காக என் பக்கம் இழுக்க ஆரம்பித்தது.

"ஏலே, நாயி, நாயிடா" என்று இடது பக்கக் கூட்டம் கத்தியது. சம்மாட்டி பதறிப்போய், இழுப்பதை நிறுத்தச் சொல்லி உள்ளங்கையை உயர்த்தினார். நாய் உத்தரவை மதித்து, ஆழக் கடலில் உட்காரப் பார்த்தது. ஒரு முறை முழுதாக உள்ளே போய் மேலே வந்தது. கயிறு மட்டும் வாயிலேயே இருந்தது. படகுக்காரரை அந்தப் பக்கம் வரச்சொல்லி அவர் கையை அசைத்தார். நாய் தண்ணீரில் பக்கவாட்டில் சாய்ந்து படுக்க முயன்றது. அதில் வாய் திறந்து கயிறு விட்டுப்போனது. நான் இடுப்பளவு தண்ணீரில் நின்று, சேலை நனைய, கையை விரிப்பதும் நெஞ்சில் சேர்ப்பதுமாக இருந்தேன். தூரத்திலிருந்து பார்த்தவர்கள் நான் ஏதோ வேண்டுதல் செய்வதாக நினைத்தார்களாம்.

வலை ஒரு பக்கம் சரிந்ததில் காரப்பொடி மீன் கொஞ்சம் வெளியேறிவிட்டது. பெரிய நட்டமில்லை என்று சம்மாட்டி பெருந்தன்மையாகச் சொல்லிவிட்டார். அடுத்த நாள்களில் நாயைக் கட்டித்தான் வைத்தேன். ஆனால் அது சங்கிலியை உருவிக்கொண்டு கரைக்குப் போகப் பழகியிருந்தது. அங்கே போய், சம்மாட்டிக்கு நேர் எதிரே உட்கார்ந்துகொண்டு, அவர் கையையே பார்த்துக்கொண்டிருக்குமாம். ஒரு நாள் சாயங்காலம் அவரே வீட்டுக்கு வந்தார். தொண்டை கட்டியிருந்தது.

"டீச்சர், ஒங்க நாயக் குத்தம் சொல்ல வரல. நல்ல பிராணிதான். ஆனா நான் கையத் தூக்காம எப்புடித் தொழில் பாக்குறது? நாலு நாளாக் கையக் கட்டிக்கிட்டு, வாயாலயே கத்திக்கிட்டு இருக்கேன். பயலுக, 'என்னய்யா, கோயிலுக்கு மாலை போட்டுருக்கியளா'ங்குறானுக."

அவரை அனுப்பிவிட்டு, நானும் என் வீட்டுக்காரரும் உட்கார்ந்து யோசித்தோம். நாய்க்குப் புதுச் சைகைகள் வேண்டும். இந்தக் கரையில் எந்த மனிதரும் எந்தக் காரியத்துக்கும் செய்யாத சைகைகளாக இருக்க வேண்டும். கேட்கச் சுலபமாக இருக்கிறது. உட்கார்ந்து தேடிப் பார்த்தால்தான் தெரியும், நம் ஆட்கள் ஒரு கையசைவைக்கூடச் சும்மா விட்டுவைக்கவில்லை.

"காதப் புடிச்சுக்க" என்றார் அவர். தெருமுனையில் பிள்ளையார் கோயில் இருக்கிறது, காலையில் பாதி ஊர் தோப்புக்கரணம் போடுகிறது. "தொடையில தட்டு" என்றார். கடற்கரை மணலில் கபடி ஆடுகிறார்கள். "தலையில கை வையி." அதை நானே ஒவ்வொரு மாதக் கடைசியிலும் செய்கிறேன். "மூக்கைப் பொத்திக்க." கருவாடு காயப்போட்டிருக்கிற பக்கம் வேனை நிறுத்துகிற வெளியூர்க்காரர்கள் எல்லோரும் அதைத்தான் செய்கிறார்கள். கடைசியில் அவர் எரிச்சலாகி, "கோழி மாதிரி ரெக்கைய அடி, ஒருத்தரும் செய்ய மாட்டாக" என்றார். அவர் கேலிக்குத்தான் சொன்னார். நான் எழுந்து, இரண்டு முழங்கையையும் மடக்கி, விலாவில் அடித்துப் பார்த்தேன். நன்றாகத்தான் இருந்தது.

அதை 'வா' என்று வைத்தோம். 'உட்கார்' என்பதற்கு, இரண்டு கையையும் மணிக்கட்டில் சேர்த்து, தாடைக்குக் கீழே தாமரை மாதிரி விரித்துக்கொண்டு நிற்பது. பள்ளி ஆண்டு விழா மேடையைத் தவிர வேறெங்கும் அதற்கு வேலையில்லை என்று உறுதி செய்துகொண்டோம். பழைய சைகைகளை மறக்கடிக்க, அவற்றுக்கு நெத்திலி கொடுப்பதை நிறுத்தினேன். நெத்திலி இல்லாத உத்தரவுகளை நாய் சீக்கிரமே மறந்தது. என் வீட்டுக்காரர் ஞாயிற்றுக்கிழமைகளில் மறுபடி நிம்மதியாக வரப்பைக் காட்டிப் பேசினார்.

கரையில் முதல் தடவை நான் கோழிச் சிறகு அடித்தபோது, இரண்டு பக்கக் கூட்டமும் கயிற்றை அப்படியே பிடித்துக்கொண்டு நின்றுவிட்டது. எனக்கு முகத்தில் ரத்தம் ஏறியது. நாற்பது பிள்ளைகளை வாய்ப்பாடு ஒப்பிக்க வைக்கிற டீச்சர் நான். ஆனால் தூரத்தில் அலைக்குள் நின்ற நாய் திரும்பிப் பார்த்தது, ஓடி வந்தது. தாமரையைக் காட்டினேன், உட்கார்ந்தது. சம்மாட்டி இரண்டு கையையும் மெல்ல மேலே தூக்கினார். நாய் அவரைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அவர் கையைச் சுழற்றினார், நீட்டினார், மடக்கினார். கைவிலங்கு கழற்றிவிட்ட ஆள் மாதிரி இருந்தார்.

பிறகு சில மாதம் ஒன்றும் நடக்கவில்லை. ஒரு நாள் பள்ளி விட்டு வரும்போது வழியில் சம்மாட்டி நின்றிருந்தார். சட்டை, வேட்டி எல்லாம் சொட்டச் சொட்ட நனைந்திருந்தது. பக்கத்தில் என் நாய்.

"சங்கிலிய உருவிக்கிட்டு வந்துருச்சு டீச்சர்" என்றார். "ஒரு படகுக்குப் பின்னாடியே நீந்திப் போயிருச்சு. அங்கன நீரோட்டம் இழுக்கும். கத்திப் பாத்தோம், கேக்கல."

"அப்புறம்?"

அவர் முகத்தைக் கடல் பக்கம் திருப்பிக்கொண்டார். "அப்புறமென்ன. நீங்க அடிக்கிற மாதிரி அடிச்சேன்."

"சிறகா?"

"ஆமா."

"ஆளுங்க எல்லாம் இருந்தாங்களா?"

"ரெண்டு கயித்துலயும் ஆளு இருந்துச்சு. மீன் எடுக்க வந்த யாவாரிகளும் இருந்தாக." அவர் வேட்டி நுனியைப் பிழிந்தார். "ஒடனே திரும்பிருச்சு. கரையேறி வந்து, என் மேல ரெண்டு காலையும் போட்டு, அம்புட்டுத் தண்ணியையும் ஒதறிருச்சு. எறங்கு எறங்குன்னா எறங்க மாட்டேங்குது. இங்கன வார வரைக்கும் நாலு தடவ அப்புடித்தான்."

நான் நன்றி சொன்னேன். அவர் தலையை ஆட்டிக்கொண்டார். கிளம்பப்போனவர் நின்று, சுற்றிலும் பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்திக் கேட்டார்.

"டீச்சர், வந்தப்பறம் அத உக்கார வைக்க என்ன செய்யணும்?"

நான் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, மணிக்கட்டுகளைச் சேர்த்து, தாடைக்குக் கீழே தாமரையை விரித்துக் காட்டினேன். நாய் உட்கார்ந்தது. சம்மாட்டி என் கையைப் பார்த்தார், நாயைப் பார்த்தார், தன்னுடைய பெரிய உள்ளங்கைகளைத் திருப்பிப் பார்த்தார்.

"வேணாம்" என்றார். "நான் நனைஞ்சுக்கிறேன்."