வற்றிய குளத்தில் ஒரு மூச்சு

யாழ்ப்பாணத்திலிருந்து இடம்பெயர்ந்து முள்ளியவளையில் இருந்த காலத்தில், அங்குள்ள குளங்களின் மீன்வகைகளை ஒரு கொப்பியில் பதிந்து வந்தேன். விலங்கியல் படிப்பித்தவன் என்ற தலைக்கனம் எனக்கு நிறையவே இருந்தது. அந்தக் கோடையில் எங்கள் கொட்டிலுக்குப் பின்னாலிருந்த குளம் வற்றி, பாளம் பாளமாக வெடித்துக் கிடந்தது. ஒருமுறை சுற்றி நடந்துவிட்டு, 'மீன் எதுவும் இல்லை' என்று எழுதினேன்.

வெடித்த பாளங்களுக்குக் கீழே மண் இளக்கமாக இருந்ததால், நானும் பக்கத்துக் கொட்டில் அக்காவும் குளத்தின் ஓரத்திலேயே பதுங்குவதற்குப் பங்கர் வெட்டினோம். ஒரு மத்தியானம் குண்டு போடும் பொம்மர் வானத்தில் இரைந்தது. இருவரும் உள்ளே இறங்கினோம். இரைச்சல் தூரப் போனதும், திரும்பி வருகிறதா என்று மூச்சை அடக்கிக் காதுகொடுத்துக் கேட்டேன். என் முதுகுக்குப் பின்னால் யாரோ வாய் திறந்து காற்றை விழுங்கினார்கள். சிறிது பொறுத்து மறுபடியும்.

"அக்கா, நீங்களோ?"

"நான் நீங்களெண்டெல்லோ நினைச்சன்."

சுவரைத் தடவினேன். ஈரக்களியில் ஒரு சின்னத் துவாரம். விரலால் கிண்டியபோது உள்ளே ஒரு கண் தெரிந்தது. விரால். தண்ணீர் வற்றினால் அது சேற்றில் புதைந்து, காற்றை விழுங்கியபடி மழைவரை உயிரோடு கிடக்கும் என்று எத்தனை பிள்ளைகளுக்குக் கரும்பலகையில் எழுதியிருப்பேன்.

"விடுங்கோ, மழை வரட்டும்" என்று அக்கா களியை அள்ளி அந்தக் கண்ணை மூடினார்.

அப்போது எதிர்ச்சுவரில் இன்னொன்று வாய் திறந்தது. பிறகு, எங்கள் காலடியில்.