லாரி ஹாரன் விழுங்கின வார்த்தை

எங்க அண்ணன் டாக்குமெண்டரி எடுக்கிறவன். இருபத்திரண்டு வருஷத்துல பதினோரு படம். சொந்தக்காரங்க இன்னும் "கல்யாண வீடியோவும் எடுப்பானா?"னு கேக்கறாங்க. வாய் வரைக்கும் வருது, அடக்கிக்கறேன். நான் அவனுக்கு மைக் பிடிக்கிற தங்கச்சி.

முதல் படம் சாயப்பட்டறை பத்தி. கழிவுத் தொட்டியைச் சுத்தம் பண்ண இறங்கின மூணு பேர் செத்துப்போனாங்க. குடிச்சிட்டு விழுந்துட்டாங்கன்னு முதலாளி எழுதிக் கொடுத்தான். முழுப் பூசணிக்காயைச் சோத்துல மறைக்கிற வேலை. போலீஸும் அதையே நம்பின மாதிரி கேஸை மூடிட்டுது.

செத்ததுல ஒருத்தரோட சம்சாரம் வாசப்படியில உக்காந்து எங்ககிட்டப் பேசினாங்க. "சாப்பாடு கொடுக்கப் போயிருந்தேன். உள்ள விஷவாயு இருக்கு, இறங்க மாட்டேன்னார் எங்க வீட்டுக்காரர். அதுக்கு முதலாளி..."

அந்த நேரம் பார்த்துத் தெருவுல ஒரு லாரிக்காரன் ஹாரன் அடிச்சான். பாவி, கையை எடுக்கவே இல்லை.

"அக்கா, சத்தம் வந்துடுச்சு. அதை மட்டும் இன்னொரு தடவை சொல்லுங்க"ன்னேன். எங்க தொழில்ல தினமும் சொல்ற வார்த்தைதான். அந்த அக்கா வாயைத் திறந்தாங்க, வரலை. முந்தானையால முகத்தை மூடிக்கிட்டாங்க. அண்ணன் கேமராவை அணைச்சிட்டான்.

பஸ்ல எல்லார் முன்னாடியும் திட்டினான். "செத்தவனை இன்னொரு தடவை சாகடிச்சுக் காட்டச் சொல்றியா? அறிவிருக்கா உனக்கு?" அதுக்கப்புறம் எந்தப் படத்துலயும் அவன் யாரையும் ரெண்டாவது தடவை கேட்டதில்லை.

படத்தைக் காட்டி கேஸை மறுபடி திறக்கச் சொன்னப்போ, முதலாளியோட வக்கீல் அந்த ஹாரனையே பிடிச்சுக்கிட்டான். என் கட்சிக்காரர் என்ன சொன்னார்னு படத்துலயே இல்லையேன்னான். கேஸ் மூடினது மூடினதுதான். "அன்னைக்கே நீ கேட்க விட்டிருந்தா?"ன்னு நான் அண்ணன்கிட்டப் போடாத சண்டை இல்லை.

போன மாசம் ஒரு அரங்கத்துல அவன் படங்களையெல்லாம் வரிசையாப் போட்டாங்க. சிறப்பு விருந்தினர் யார் தெரியுமா? அதே முதலாளி. நாற்காலியெல்லாம் அவன் வாங்கிக் கொடுத்ததாம்! கிளம்பிடலாம்னேன். "முதல் படத்தை முதல்ல போடு"ன்னு படம் போடற பையன்கிட்டச் சொன்னான் அண்ணன்.

கடைசி வரிசையில அந்த அக்கா இருந்தாங்க. தலை நரைச்சிருந்தது. கேள்வி பதிலைப் பதிவு பண்ண நான் மைக்கோட ஓரமா நின்னேன். திரையில ஹாரன் அலறினதும் அவங்க எழுந்து நின்னாங்க. அண்ணன் படத்தை நிறுத்தினான். நான் அவங்ககிட்ட ஓடினேன்.

"'சும்மா நிக்கவா சம்பளம், இறங்குடா'ன்னார்"னு சொன்னாங்க, நிதானமா. "அவர்தான், முன்னாடி உக்காந்திருக்காரே."

அரங்கமே முதல் வரிசையைப் பார்த்தது. முதலாளி எழுந்தான். வழி விட யாரும் காலை மடக்கலை.

அந்த அக்கா என் பக்கம் திரும்பினாங்க. "இப்ப சரியாக் கேட்டுதாம்மா?"

"ஒரு எழுத்து விடாம கேட்டுது அக்கா"ன்னேன்.