மே மாதத்து வேலை

ஜோதிக்கு மே மாதம் என்றாலே செருப்புத் தேய்வதுதான் நினைவுக்கு வரும். பெரம்பலூரில் ஒரு தனியார் பெண்கள் கல்லூரியில் ஆறு வருடமாக வேதியியல் விரிவுரையாளர். வேலை ஒப்பந்தம் ஜூனில் தொடங்கி ஏப்ரலில் முடியும். மே மாதத்தில் அவள் கல்லூரிக்கு யாரோ எவரோ, சம்பளமும் கிடையாது. ஆனால் அந்த வெயிலில்தான் ஊர் ஊராகப் போய்க் கல்லூரியில் சேர்க்கப் பிள்ளை பிடித்துக் கொண்டுவர வேண்டும். அப்படிக் கொண்டுவந்தால்தான் ஜூனில் மறுபடியும் ஒப்பந்தம். இதை யாரும் எழுதி வைக்கவில்லை, எல்லா ஆசிரியருக்கும் மனப்பாடம்.

2004 மே மாதமும் வேப்பந்தட்டைப் பக்கம் போனாள். அங்கே கூலி வேலை பார்க்கும் பொன்னாயி, பிளஸ் டூ முடித்த மகள் கொளஞ்சியைத் திருப்பூருக்குப் பனியன் கம்பெனி வேலைக்கு அனுப்ப இருந்தாள். ஜோதி விடாமல் நடந்து நடந்து பேசினாள். கடைசியில் பொன்னாயி ஒன்றே ஒன்று கேட்டாள்.

"காலேஜுல எனக்கு யாரையும் தெரியாது டீச்சரம்மா. நீங்க இருப்பீங்கல்ல?"

"நான் இருக்கேன்க்கா. பாத்துக்கிறேன்."

ஜூனில் கல்லூரி திறந்த அன்று வாட்ச்மேன் ஜோதியைக் கேட்டிலேயே நிறுத்திவிட்டார். ஒப்பந்தம் ஏப்ரலோடு முடிந்ததாம். ஸ்லெட் தகுதித் தேர்வில் தேறாதவளாம், எம்.ஃபில். மட்டும் போதாதாம். ஆறு வருடம் பாடம் எடுக்கப் போதுமாயிருந்த படிப்பு, சேர்க்கை முடிந்ததும் போதாமல் போய்விட்டது. நிர்வாகத்தின் சாமர்த்தியத்தை மெச்சத்தான் வேண்டும். அந்த நேரம் பார்த்துப் பொன்னாயி மகளோடு பஸ்ஸை விட்டு இறங்கினாள்.

"இருக்கேன்னு சொன்னீங்களே," என்றாள். கோபமாகக்கூடச் சொல்லவில்லை. வேலை போனதைவிட அதுதான் ஜோதிக்குப் பெரிய அவமானமாக இருந்தது. கொளஞ்சி தனியாக உள்ளே போனாள்.

"கோர்ட்டுக்குப் போனா வேற எந்தக் காலேஜும் சேக்காது," என்றான் பாடாலூரில் பஞ்சர் கடை வைத்திருந்த கணவன் தர்மராஜ். ஜோதி வழக்குப் போட்டாள், அப்படியேதான் ஆயிற்று. வீட்டில் டியூஷன் எடுத்துக்கொண்டே பெரம்பலூர் கோர்ட்டுக்கு நடந்தாள். வாய்தா வாய்தாவாக வழக்கு இழுத்தது. நடுவில், எம்.ஃபில். முடித்தவர் இளங்கலை வகுப்பு எடுக்கலாம் என்று விதி மாறியதில் படிப்புச் சண்டை தணிந்தது. மிச்சமிருந்தது மே மாதம்தான். வருடா வருடம் வேலை முடிந்து புதிதாகச் சேர்ந்தவள், தொடர்ச்சியான சர்வீஸ் இல்லை, அதனால் நிறுத்துவதற்கு விசாரணை எதுவும் தேவையில்லை என்றது கல்லூரி.

கூட வேலை பார்த்தவர்கள் யாரும் சாட்சிக்கு வரவில்லை. அவர்களுக்கும் ஒப்பந்தம் இருக்கிறதே. பொன்னாயி வந்தாள். மகள் அதே கல்லூரியில் படிக்கிறாள் என்ற பயத்தோடுதான் வந்தாள்.

"மே மாசத்துல இந்தம்மா எங்ககிட்ட வேலையிலேயே இல்ல," என்றார் கல்லூரி வக்கீல்.

"வேலையில இல்லாதவங்க எதுக்குங்கய்யா அந்த வெயில்ல எங்க வூட்டுக்கு வந்தாங்க?" என்று கேட்டாள் பொன்னாயி. "இவங்க வந்து கேட்டதாலதான் எம்மவளச் சேத்தேன். இன்னைக்கும் அங்கதான் படிக்குது."



2007 ஏப்ரலில் தீர்ப்பு வந்தது. மே மாதமும் சர்வீஸ்தான், நிறுத்தியது செல்லாது, உடனே வேலையில் சேர்க்க வேண்டும். ஜோதிக்குச் சந்தோஷம்தான். ஆனால் அதே வாரம் கொளஞ்சி கடைசிப் பரீட்சையை எழுதி முடித்திருந்தாள். வாக்குக் கொடுத்துச் சேர்த்த பிள்ளைக்கு ஒரு நாள்கூடப் பாடம் எடுக்கவில்லையே என்று பாடாலூர் பஸ்ஸில் அழுதுகொண்டே வந்தாள்.

மே மாதமே வேலையில் சேர்ந்தாள். முதல்வர் வைத்திலிங்கம் அவள் முகத்தைப் பார்க்காமல் ஒரு கட்டு சேர்க்கை நோட்டீஸை நகர்த்தினார்.

"வேப்பந்தட்டைப் பக்கம் போயிட்டு வாங்க. அங்க உங்க பேச்சுதான் எடுபடும்."

"போறேங்க சார். கையெழுத்துப் போட்டுட்டுப் போறேன்."

வருகைப் பதிவேட்டில் மே மாதத்துக்குப் பக்கமே இல்லை. ஜோதி ஸ்கேலை எடுத்து அவளே கோடு போட்டுக்கொண்டாள்.

பொன்னாயியின் சின்ன மகள் அந்த வருடம் பிளஸ் டூ எழுதியிருந்தாள். பொன்னாயி சொம்பில் தண்ணீர் கொடுத்துவிட்டு எதிரே உட்கார்ந்தாள்.

"இவளையும் சேக்கறேன். ஜூன்ல நீங்க இருப்பீங்களா டீச்சரம்மா?"

"மே மாசமே இருக்கேன்க்கா," என்றாள் ஜோதி.