தோணிரேவுச் சேற்றில் ஒரு செக் நடிகை

பூநாரை பார்க்கத்தான் எல்லோரும் பழவேற்காடு போவார்கள். போன ஜனவரியில் நானும் ஹனாவும் போனது கையால் இறால் பிடிக்க! ஹனா செக் நாட்டுச் சினிமா நடிகை. மொழிபெயர்ப்பு வேலையில் பழக்கமான தோழி. பத்தொன்பது வயதில் கதாநாயகி, நாற்பதில் அம்மா வேடம், பிறகு ஆறு வருடம் ஒரு போன்கூட வரவில்லை. இப்போது ஒரு வேடம் வந்திருந்தது: இந்த ஏரிக்கரையில் வாழ்க்கைப்பட்டு, இறால் பிடித்துப் பிழைக்கும் வெளிநாட்டுக்காரி. டூப் கிடையாது, தானே பிடிக்கும் வீடியோவை ஞாயிற்றுக்கிழமைக்குள் அனுப்பாவிட்டால் வேறு ஆள் என்று இயக்குநர் சொல்லிவிட்டார். தண்ணீரில் நின்று பேச இரண்டு பக்க வசனம் இருந்தது. அதை நம்பித்தான் ஹனா ஒப்புக்கொண்டாள்.

வெள்ளிக்கிழமை காலை 6.10க்குச் சென்ட்ரலில் புறநகர் ரயில். மீஞ்சூரில் பாதிக் கூட்டம் இறங்கியது. 7.15க்குப் பொன்னேரி, டிக்கெட் பத்து ரூபாய். அங்கிருந்து பழவேற்காடு 18 கி.மீ., பேருந்தில் முக்கால் மணி நேரம். அங்கே ஏரிக்கரைக் குப்பமான தோணிரேவுக்கு ஆட்டோ எண்பது ரூபாய்.

“இறால் மார்க்கெட்லயே கிடைக்குமே, இன்னாத்துக்கு மேடம் சேத்துல எறங்குறீங்க?” என்றார் ஆட்டோக்கார பாஷா பாய். நியாயமான கேள்விதான்.

கற்றுத்தர ஒப்புக்கொண்டவர் வள்ளியக்கா. தினமும் இறால் பிடிப்பவர். இடுப்பளவு தண்ணீரில் உட்கார்ந்து, இரண்டு கையாலும் சேற்றைத் துழாவி, இறால் விரலில் பட்டதும் அமுக்க வேண்டும். ஹனா ஓலைக் கூடையை இடுப்பில் கட்டிக்கொண்டு, வசனத்தை ஒப்பித்தபடியே துழாவினாள். மூன்று மணி நேரம். ஒரு இறால்கூட இல்லை.

“இன்னாமா, வாய் ஓயாம பேசிக்கினே கீறியே? அப்புறம் கூடைய யாரு கடிக்கிறது?” என்று வள்ளியக்கா சிரித்தார். கூடையைப் பல்லில் கடித்துக்கொள்வதுதான் இங்கே வழக்கமாம். “தண்ணிக்குள்ள பேசினா கூடை வுழுந்துடும். பேச்செல்லாம் கரையிலதான்.”

நான் மொழிபெயர்த்ததும் ஹனாவின் முகம் செத்துப்போனது. எழுதியவர் யாரும் இங்கே வந்து பார்க்கவில்லை போலிருக்கிறது.

சனிக்கிழமை கூடையைக் கடித்துக்கொண்டு இறங்கினாள். கிளிஞ்சல் கிழித்து முழங்காலில் ரத்தம். “போதும், வா” என்று கரையிலிருந்து கத்தினேன், திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. ஐந்து மணி நேரத்தில் பதினான்கு இறால்! கரையிலிருந்து நான் எடுத்த வீடியோவை அனுப்பினோம். உடனே இயக்குநர் அழைத்தார். பிரமாதமாம்; ஆனால் கூடையைக் கையில் எடுத்துக்கொண்டு வசனத்தைப் பேசிவிடு, அது இல்லாமல் உன்னை யார் கவனிப்பார்கள் என்றார். எனக்கும் அப்படித்தான் பட்டது. விட்டுவிடாதே என்று கெஞ்சினேன்.

“இவர்கள் பேசுவதில்லை. நானும் பேசமாட்டேன்” என்று போனை வைத்துவிட்டாள். அப்புறம்தான் அழுதாள்.

போக நினைப்பவர்களுக்கு: ஜனவரி நல்ல மாதம். முழுக்கைச் சட்டை போடுங்கள். செருப்போடு இறங்கினால் சேறு பிடுங்கிக்கொள்ளும். அது அவர்கள் பிழைக்கிற இடம், கேட்டுவிட்டு இறங்குங்கள். நான் இரண்டு நாளும் கரையிலேயே நின்றேன், இப்போது வெட்கமாக இருக்கிறது.

நேற்றுப் பதில் வந்தது. வேடம் ஹனாவுக்கே, தண்ணீர்க் காட்சியில் ஒரு வரி வசனமும் இல்லை. வள்ளியக்காவுக்குப் போன் போட்டுச் சொன்னேன்.

“அது கெடக்கட்டும்மா,” என்றார். “படத்துல எத்தினி இறால் புடிக்கிறாளாம்?”