உச்சிவெயிலில் ஒழுகிய வீடு

போன வாரம் என் கடையின் கூரை ஒழுகியது. வேங்கிக்காலில் மனு டைப் அடித்துக் கொடுக்கும் கடை என்னுடையது. ஜெராக்ஸ் உண்டு, லேமினேஷன் உண்டு, இப்போது ஒழுகலும் உண்டு. மிஷினை பிளாஸ்டிக் தாளால் போர்த்திவிட்டு ஒரு வாளியை வைத்தேன். மனு எழுத வந்திருந்த பெரியவர் நிமிர்ந்து பார்த்து, "மேல டேங்கு நிரம்பிடுச்சாம்மா?" என்று கேட்டார். "இல்லீங்க, மழைத் தண்ணிதான்" என்று நான் சொன்னபோது எனக்கு ஒரு நிம்மதி வந்தது பாருங்கள், அதைத்தான் சொல்ல வந்தேன். மழைக்கு ஒழுகும் கூரையைப் பார்த்து நிம்மதி அடைகிற ஆள் இந்த ஊரில் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

ஈரச் சுண்ணாம்பின் வாசனை இருக்கிறதே, அது மூக்கில் ஏறினால் எனக்கு அம்மாவின் வீடு வந்துவிடும். கோயிலுக்குப் பக்கத்துத் தெரு ஒன்றில் இருந்தது அந்த வீடு. இப்போதும் இருக்கிறது, ஆனால் வேறு மாதிரி. மரக்கட்டைகளின் மேல் செங்கல் அடுக்கிச் சுண்ணாம்பு போட்ட பழைய தளம். நான் கல்யாணமாகி வேங்கிக்காலுக்கு வந்த பிறகு அம்மா அங்கே தனியாகத்தான் இருந்தாள். அதுவும் மேற்குப் பக்கத்து அறையில், அண்ணனுடைய அறையில்.

அண்ணன் பெயர் சேகர். ஒரு சித்திரை மாதம், மதியச் சாப்பாட்டை முடித்துவிட்டு, "மலைய சுத்திட்டு வந்துட்றேம்மா" என்று வெறுங்காலோடு கிளம்பினான். "இந்த வெயில்லயாடா?" என்று அம்மா கேட்டதற்குச் சிரித்தானாம். பதினாலு கிலோமீட்டர் பாதை. காலை ஒடித்துக்கொண்டவர்கள்கூட ராத்திரிக்குள் வந்துவிடுவார்கள். அண்ணன் வரவில்லை. சாமியாராகப் போய்விட்டான் என்று சிலர், பெங்களூரில் பார்த்தேன் என்று சிலர். போலீசில் கொடுத்த மனுவை நானே டைப் அடித்தேன். பன்னிரண்டு வருடம் ஆனதும் சித்தப்பா வந்து, "அண்ணி, சாஸ்திரப்படி இனிமே காரியம் பண்ணிடணும்" என்றார். அம்மா அவருக்குக் காபி கொடுத்தாள், குடித்து முடிக்கும்வரை காத்திருந்தாள், பிறகு வாசல் கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு நின்றாள். சித்தப்பா அதற்கப்புறம் எங்கள் வீட்டுப் பக்கம் வரவில்லை.

அந்த அறையின் கூரைதான் ஒழுகியது. சுவரெல்லாம் பச்சையும் கறுப்புமாகப் பூசணம். அம்மாவுக்கு ஏற்கனவே மூச்சு இழுப்பு. டாக்டர் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "இன்னொரு மழைக்காலம் அந்த ரூம்ல படுத்தாங்கன்னா நான் பொறுப்பில்ல" என்றார். அம்மாவோ வேறு அறைக்கே வர மாட்டேன் என்றாள். "சேகர் வந்தான்னா பூட்டுன ரூம பாத்துட்டு திரும்பிப் போயிடுவான்டி." அப்புறம் என்ன செய்வது? அம்மாவை நகர்த்த முடியாது, ஒழுகலை நிறுத்தித்தான் ஆக வேண்டும். வீட்டையே மராமத்து பார்த்துவிடுவோம் என்று இறங்கினேன்.

கீழ்பென்னாத்தூரிலிருந்து ஏழுமலை மேஸ்திரி வந்தார். நாற்பது வயதிருக்கும். வாய் ஓயாது, கையும் ஓயாது. வந்த அன்றே சுவரைத் தட்டிப் பார்த்து, "மழைக்குத்தான ஒழுகுது?" என்றார். நான் கொஞ்சம் தயங்கிவிட்டு, "இல்ல, தினமும் ஒழுகுதுங்க. மத்தியானம் பன்னெண்டு, பன்னெண்டரைக்கு" என்றேன். சித்திரை வெயில் அப்போது மண்டையைப் பிளந்துகொண்டிருந்தது. வானத்தில் துண்டு மேகம் கிடையாது. "அப்ப பைப்பு ஏதாச்சும் உடைஞ்சிருக்கும்க்கா" என்றார். அந்தப் பக்கம் பைப்பே கிடையாது. அதைச் சொன்னதும் அவர் நேரே மாடிப்படி ஏறினார்.

மாடியில், அந்த அறைக்கு நேர் மேலே, கழுத்தளவு உயரத்துக்கு ஒரு மேடை உண்டு. கழுத்தளவு என்றது சின்ன வயதில் எனக்கு, உண்மையில் இடுப்பளவுதான். பக்கத்தில் லாட்ஜ் எழும்பி மலை மறைந்தபோது, கார்த்திகை தீபம் பார்ப்பதற்காக அப்பா கட்டியது. நாலு பக்கமும் செங்கல், நடுவில் மணல், மேலே சிமெண்ட். எங்கள் ஊரில் மாடியில் எதைக் கட்டினாலும் மழையை நினைத்துக் கட்டுவதில்லை, மலையைப் பார்த்துத்தான் கட்டுவோம். மழைத்தண்ணீர் வடிகிற குழாய் கிழக்கே இருக்கும், மேடை மேற்கே சாய்ந்திருக்கும். தீபத்தன்று உட்கார வசதியாக இருக்கும், மற்ற நாட்களில் வீடு ஊறும். மேடை கட்டிய மறு வருடமே அப்பா காலமாகிவிட்டார். அண்ணன் கிளம்பிப் போனது அதற்கும் பிறகு.

ஏழுமலை மேஸ்திரியின் வேலை முறை எனக்கு மிகவும் பிடித்திருந்தது. தளத்தைக் களிமண் வரப்பு கட்டி மூன்று பாத்தியாகப் பிரித்தார். எல்லாவற்றிலும் தண்ணீர் கட்டினார். ஒன்றில் மஞ்சள் தூள், இன்னொன்றில் துணிக்குப் போடும் நீலம், மூன்றாவதில் கேசரிக்குப் போடும் சிவப்புப் பவுடர். "கீழ எந்தக் கலர் சொட்டுதோ, அந்தப் பாத்தியில ஓட்டைக்கா. அவ்ளோதான் சயின்ஸு." மேடையை விட்டுவிட்டார். "அது மேல தண்ணி எங்க நிக்கப் போவுது?" என்றார். எனக்கும் அது நியாயமாகத்தான் பட்டது. மூன்று நிறக் குளங்களோடு மாடி கல்யாண வீடு மாதிரி இருந்தது.

அன்று கடைக்கு லீவு. அறையில் வெள்ளை வேட்டி ஒன்றை விரித்து, நானும் மேஸ்திரியும் கூரையைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தோம். பத்தரை மணி, பதினொன்று, பன்னிரண்டு. ஒன்றுமில்லை. அம்மா சமையல்கட்டில் இருக்கிறாள் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். தெருவே அடங்கிப் போயிருந்தது. பிறகு இடது பக்கம் ஒரு சொட்டு விழுந்தது. கொஞ்ச நேரம் கழித்து ஒரு முழம் தள்ளி, வலது பக்கம் ஒன்று. மறுபடி இடது, மறுபடி வலது. அவசரமே இல்லாமல், ஆள் நடக்கிற கணக்கில்.

மேஸ்திரி குனிந்து வேட்டியைப் பார்த்தார். மஞ்சள் இல்லை, நீலம் இல்லை, சிவப்பும் இல்லை. குடிக்கிற தண்ணீர் போலச் சுத்தமாக இருந்தது. விரலால் தொட்டு, முகர்ந்து பார்த்துவிட்டு, "இது நம்ம தண்ணி இல்லக்கா" என்றார். மூன்று குளம் தண்ணீர் தலைக்கு மேல் நிற்கிறது, சொட்டுவது அந்த மூன்றும் இல்லை. மனுவில் எத்தனையோ பேருக்குத் தைரியமான வார்த்தைகளைப் போட்டுக் கொடுத்தவள் நான், அப்போது அம்மாவைத் தேடிச் சமையல்கட்டுக்குப் போனேன். அவள் அங்கே இல்லை.

படியேறிப் போனேன். அம்மா வரப்பு மேலேயே நடந்து போய் மேடைக்கு முன்னால் நின்றிருந்தாள். கையில் குடம். மாடிப்படி ஏறினால் மூச்சு முட்டும் என்று ஆறு மாதமாகத் தீபம் ஏற்றக்கூட மேலே வராதவள் என்று நான் நம்பிக்கொண்டிருந்த அம்மா. கொஞ்சம் கொஞ்சமாக மேடைமேல் தண்ணீரைச் சாய்த்துக்கொண்டிருந்தாள், கிரிவலப் பாதையில் வெறுங்காலோடு நடக்கிறவர்களுக்கு ரோட்டோர வீட்டுக்காரர்கள் ஊற்றுவார்களே, அப்படி. நெஞ்சு இழுக்கிற சத்தம் எனக்குக் கேட்டது. திரும்பாமலே சொன்னாள்.

"சூடு ஜாஸ்தியா இருக்குடி. கால் வெக்க முடியல அவனுக்கு."

நான் கிட்டே போனேன். "தள்ளி நில்லு, நிக்கறான்" என்றாள்.

ஊற்றிய தண்ணீர் அந்த வெயிலில் கண்முன்னால் காய்ந்தது. ஓரத்திலிருந்து காய்ந்துகொண்டே வந்து, நடுவில் இரண்டு இடம் மட்டும் காயாமல் நின்றது. பக்கத்துப் பக்கத்தில், மலையைப் பார்த்தபடி, இரண்டு பாதம். சிமெண்ட் அங்கே மட்டும் தேய்ந்து குழிந்திருந்தது. அம்மாவுக்குக் குழந்தை மாதிரிச் சின்னப் பாதம். இவை ஆம்பளைக் கால்.

பூச்சு சரியில்லை, அவ்வளவுதான் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். மேஸ்திரியிடமும் சொன்னேன். அவர் ஒத்துக்கொள்ளவும் இல்லை, மறுக்கவும் இல்லை. "அந்த ரெண்டு குழி வழியாத்தான் மணல்ல எறங்குது. மேடைய எடுத்தாத்தான் ஒழுகல் நிக்கும். ஆனா நீங்க அம்மாகிட்ட கேட்டுக்குங்கக்கா" என்றார்.

நான் கேட்கவில்லை. இரண்டு நாள் கழித்து நெஞ்சு எக்ஸ்ரே எடுக்க வேண்டும் என்று அம்மாவை ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனேன். நாங்கள் திரும்பி வருவதற்குள் மேடை தரையோடு தரையாகிவிட்டது. உள்ளே இருந்த மணல் அவ்வளவு வெயிலிலும் கிணற்று மண் மாதிரி ஜில்லென்று இருந்ததாம். தண்ணீர் கிழக்கே ஓடும்படி நல்ல வாட்டம் கொடுத்து, ரசாயனப் பூச்சு பூசி, மேலே வெள்ளை ஓடு பதித்தார்கள். கடைசிவரை அந்த இரண்டு குழிமேல் மட்டும் கால் வைக்காமல் எதிர் முனையிலிருந்தே உடைத்தேன் என்று மேஸ்திரி போகும்போது சொன்னார்.

அம்மா என்னைத் திட்டவில்லை. திட்டியிருக்கலாம். வேலை முடிந்த பிறகு ஒரு மத்தியானம் குடத்தோடு மேலே போனாள், நான் பின்னாலேயே போனேன். ஊற்றிய தண்ணீர் ஒரு நொடிகூடத் தங்காமல் வழுக்கிக்கொண்டு கிழக்குக் குழாய்க்கு ஓடியது. மறுபடி ஊற்றினாள், மறுபடி ஓடியது. எவ்வளவு நேரம் நின்றாள் என்று தெரியவில்லை. அண்ணன் போன அன்று அழாதது போலவே அன்றும் அழவில்லை. கீழே வந்ததும், "வேங்கிக்காலுக்கே வந்துட்றேன்டி, இங்க இனிமே எனக்கு என்னா வேல?" என்றாள். பன்னிரண்டு வருடம் கெஞ்சியும் வராதவள், ஒரு பையில் துணியை எடுத்துக்கொண்டு ஆட்டோவில் ஏறிவிட்டாள்.

இரண்டு வருடமாகிறது. அந்த வீடு இப்போது கிரிவலத்துக்கு வருகிறவர்கள் தங்கும் அறைகளாகிவிட்டது. மேற்கு அறையின் கூரை எலும்பு மாதிரிக் காய்ந்து கிடக்கிறது. அம்மாவுக்கு இழுப்பு போயே போய்விட்டது. மத்தியானத்தில் நன்றாகத் தூங்குகிறாள். "புது ஆளாயிட்டீங்களே!" என்று டாக்டர் சிரிக்கிறார்.

முன்பெல்லாம் அவள் ஒரு வேளைகூட அண்ணன் பேச்சில்லாமல் சாப்பிட்டதில்லை. சேகருக்கு இது பிடிக்கும், சேகர் இதைத் தொடமாட்டான் என்று ஏதாவது வந்துவிடும். எனக்கு எரிச்சலாகக்கூட இருக்கும். வேங்கிக்காலுக்கு வந்த பிறகு ஒரு தடவைகூட அவன் பெயரைச் சொல்லவில்லை. அவன் சித்திரை மாதத்தில் வீட்டை விட்டுப் போனான் என்றுதான் மனுவில் எழுதியிருந்தேன். நான் அம்மாவை எக்ஸ்ரேவுக்குக் கூட்டிக்கொண்டு போன அன்றுதான் போனான் என்று இப்போது தோன்றுகிறது. அம்மாவிடம் கேட்டால் தெரியும். கேட்கப் பயமாக இருக்கிறது.